துருவ ஒளியைத் தேடி ஓர் இரவுப் படகு

உங்கள் உலக வரைபடத்தை எடுத்து நார்வே நாட்டின் வடகோடியைத் தேடுங்கள். 70 டிகிரி வட அட்சரேகைக்குச் சற்றுக் கீழே, கடலோரத் தீவு ஒன்றின்மேல் டிரோம்சோ என்னும் துறைமுக நகரம் இருக்கும். ஆர்க்டிக் வட்டத்திலிருந்து ஏறத்தாழ 350 கி.மீ. வடக்கே உள்ள ஊர் இது. நம் சென்னை 13 டிகிரியில் இருக்கிறது என்பதை நினைவில் கொண்டால், அது எவ்வளவு வடக்கே உள்ளது என்பது புரியும்.

குளிர்கால மாலைகளில் இந்தத் துறைமுகத்திலிருந்து சில படகுகள் புறப்படுகின்றன. அவை மீன் பிடிக்கப் போவதில்லை. வானத்தில் தோன்றும் துருவ ஒளியைப் பார்க்கப் பயணிகளை ஏற்றிக்கொண்டு போகின்றன.

அந்தப் படகில் நாமும் ஏறிக்கொண்டதாக வைத்துக்கொள்வோம். நாம் பார்க்கப்போவது பெரும்பாலும் பச்சை ஒளி. ஒளி வலுத்த இரவுகளில் பச்சைக்கு மேலே சிவப்பு தெரியும். எப்போதாவது திரையின் அடிவிளிம்பில் இளஞ்சிவப்பு ஓரம் ஒன்று மின்னும். மேலே சிவப்பு, நடுவே பச்சை, அடியில் இளஞ்சிவப்பு என்னும் இந்த வரிசை எந்த ஆண்டிலும், எந்த இரவிலும் தலைகீழாவதில்லை. வானத்து ஒளிக்கு யார் இப்படி ஒரு சட்டம் போட்டது? இந்தக் கேள்வியோடு புறப்படுவோம்.

படகு எதற்கு?

முதலில் பயணத்துக்கு ஏற்ற காலத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டும். டிரோம்சோவில் மே மாதத்தின் மூன்றாம் வாரத்திலிருந்து ஜூலை மூன்றாம் வாரம் வரை சூரியன் மறைவதே இல்லை. அப்போதும் வானில் துருவ ஒளி உண்டாகிறது; ஆனால் வெளிச்சத்தில் கண்ணுக்குத் தெரியாது. நவம்பர் இறுதியிலிருந்து ஜனவரி நடுப்பகுதி வரை இதற்கு நேர்மாறு. சூரியன் அடிவானத்துக்கு மேலே எழுவதே இல்லை. நண்பகலில் சிறிது நேரம் அந்தி வெளிச்சம் மட்டும் பரவும். ஆகவே செப்டம்பர் முதல் மார்ச் இறுதி வரை உள்ள இருண்ட இரவுகளே இப்பயணத்துக்கு ஏற்றவை.

இவ்வளவு வடக்கே இருந்தும் டிரோம்சோவின் துறைமுகம் குளிர்காலத்தில் உறைவதில்லை. அட்லாண்டிக் பெருங்கடலின் வெப்ப நீரோட்டம் ஒன்று நார்வேக் கடற்கரையை ஒட்டி வடக்கே பாய்வதே காரணம். அதனால்தான் நடுக்குளிர்காலத்திலும் அங்கே படகு விட முடிகிறது.

நகரத்தில் தெருவிளக்குகள் எரிகின்றன. அவற்றின் ஒளி வானில் பரவி மங்கலான துருவ ஒளியை மறைத்துவிடும். படகு புறப்பட்ட சிறிது நேரத்திலேயே விளக்குகள் பின்தங்கிவிடுகின்றன. இருபுறமும் பனி மூடிய மலைகள். நடுவே நீண்டு செல்லும் கடல்நீர். மலைகளுக்கிடையே நுழைந்த இத்தகைய கடற்கரங்களை ஃபியோர்டு என்பார்கள். முன்னொரு காலத்தில் பனியாறுகள் குடைந்த பள்ளத்தாக்குகளில் கடல் புகுந்ததால் உண்டானவை இவை. மலைகள் காற்றைத் தடுப்பதால் நீர் பல இரவுகளில் சலனமற்றிருக்கும். அப்போது வானத்து ஒளியைக் கீழே நீரிலும் காணலாம்.

படகுக்குக் குறைகளும் உண்டு. துருவ ஒளி மேகங்களுக்கு வெகு உயரத்தில் தோன்றுவது. மேகம் மூடினால் ஒன்றும் தெரியாது. சாலை வழியே செல்பவர்கள் மேகமில்லாத இடம் தேடிப் பல மணி நேரம் ஓட்டிச் செல்லலாம். படகு அவ்வளவு தொலைவு போக முடியாது. இன்னொன்று, படகு ஆடிக்கொண்டே இருக்கும். புகைப்படக் கருவியின் கண்ணைப் பல வினாடிகள் திறந்து வைத்தால் படம் கலங்கிவிடும். ஆகவே படகில் இருப்பவருக்கு மிகச் சிறந்த கருவி அவருடைய கண்தான்.

கண்ணுக்கு அரை மணி நேரம் கொடுங்கள்

ஃபியோர்டின் இருண்ட பகுதிக்கு வந்ததும் தளத்து விளக்குகளை அணைத்துவிடுகிறார்கள். பயணிகள் கனத்த குளிராடைகளுடன் அண்ணாந்து நிற்கிறார்கள். முதலில் பலருக்கு ஒன்றும் தெரிவதில்லை. வெளிச்சத்திலிருந்து இருட்டுக்கு வந்த கண் முழுமையாகப் பழக 20 முதல் 30 நிமிடங்கள் வேண்டும்.

நம் விழித்திரையில் இருவகைச் செல்கள் உள்ளன. கூம்பு செல்கள் நிறத்தை உணர்பவை. ஆனால் அவற்றுக்குப் போதிய வெளிச்சம் தேவை. கோல் செல்கள் மங்கிய ஒளியிலும் வேலை செய்யும். ஆனால் அவற்றுக்கு நிறம் தெரியாது. எனவே மெல்லிய துருவ ஒளி நம் கண்ணுக்குச் சாம்பல் நிற மேகம்போலத்தான் தெரியும். அதே ஒளியைப் பல வினாடிகள் சேகரிக்கும் புகைப்படக் கருவி அதைப் பச்சையாகக் காட்டும். புகைப்படம் பொய் சொல்லவில்லை. நம் கண்ணின் எல்லையைச் சொல்கிறது. ஒளி வலுத்ததும் கூம்பு செல்கள் விழித்துக்கொள்கின்றன. பச்சை கண்ணுக்கும் தெரிகிறது.

வழக்கமாக, மாலையில் கிழக்கு மேற்காக ஓர் அமைதியான வில் தோன்றும். சில மணி நேரம் அது அசையாமலே இருக்கலாம். பிறகு திடீரென்று பிரகாசம் கூடும், வில் நெளியும், காற்றில் ஆடும் திரைச்சீலைபோல மடிப்பு மடிப்பாக ஓடும். திரை சரியாக நம் தலைக்கு மேலே வந்துவிட்டால், கதிர்கள் ஒரே புள்ளியிலிருந்து நாற்புறமும் விரிவதுபோல் தெரியும். சில நிமிடங்களில் எல்லாம் கலைந்து, வானெங்கும் விட்டு விட்டு ஒளிரும் திட்டுகள் மிஞ்சும்.

சூரியனிலிருந்து வரும் வழி

இந்த ஒளியின் தொடக்கம் 15 கோடி கி.மீ. தொலைவில் உள்ள சூரியன். சூரியனிலிருந்து எலெக்ட்ரான்களும் புரோட்டான்களும் எல்லாத் திசைகளிலும் ஓயாமல் வீசிக்கொண்டிருக்கின்றன. இதற்குச் சூரியக் காற்று என்று பெயர். சாதாரணமாக அதன் வேகம் வினாடிக்குச் சுமார் 400 கி.மீ. இந்த வேகத்தில் அது பூமியை அடைய நான்கு நாட்களுக்கு மேலாகும்.

பூமி ஒரு பெரிய காந்தம் என்பதை நீங்கள் படித்திருப்பீர்கள். அதன் காந்தப் புலம் சூரியக் காற்றைத் தடுத்து விலக்குகிறது. ஆற்றில் நட்ட கம்பத்தைச் சுற்றி நீர் விலகி ஓடுவதுபோல, சூரியக் காற்று பூமியைச் சுற்றி ஓடுகிறது. ஓடும்போது காந்தப் புலத்தையும் இழுத்துச் செல்வதால், பூமியின் இரவுப் பக்கத்தில் அப்புலம் ஒரு நீண்ட வால்போல் நீள்கிறது.

சூரியத் துகள்கள் நேரே துருவத்தில் வந்து விழுவதால் ஒளி உண்டாகிறது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியானால் அது பகற்பக்கத்திலேயே மிகுதியாகத் தோன்ற வேண்டும் அல்லவா? உண்மையில் நிகழ்வது வேறு. இரவுப் பக்கத்து வாலில் ஆற்றல் சிறுகச் சிறுகச் சேர்கிறது. ஒரு கட்டத்தில் இழுபட்ட காந்த விசைக் கோடுகள் அறுந்து, வேறு விதமாக மீண்டும் இணைகின்றன. இழுத்துவிட்ட ரப்பர் வளையம்போல அவை பூமியை நோக்கிச் சுருங்குகின்றன. அப்போது முடுக்கம் பெற்ற எலெக்ட்ரான்கள் விசைக் கோடுகளின் வழியே பாய்ந்து வந்து காற்று மண்டலத்தின் மேற்பகுதியைத் தாக்குகின்றன. அமைதியான வில் திடீரென்று நெளிந்து ஆடத் தொடங்குவது இந்த நேரத்தில்தான்.

இவ்விசைக் கோடுகள் பூமியைத் தொடும் இடங்கள் காந்தத் துருவத்தைச் சுற்றி ஒரு வளையமாக அமைகின்றன. டிரோம்சோ அநேகமாக எல்லா இரவுகளிலும் அந்த வளையத்தின் கீழே அல்லது அதை ஒட்டி இருக்கிறது. நேரே வட துருவத்துக்குப் போனால் இன்னும் நன்றாகத் தெரியும் என்று எண்ண வேண்டாம். அது வளையத்தின் உள்ளே விடப்பட்ட வெற்றிடத்தில் இருக்கிறது!

பெட்டிக்குள் ஒரு சிறு பூமி

மேலிருந்து மின்துகள்கள் பாய்வதே துருவ ஒளிக்குக் காரணம் என்று 1896 இல் சொன்னவர் நார்வே விஞ்ஞானி கிறிஸ்டியன் பிர்க்லாந்து. அவர் சொன்னதோடு நிற்கவில்லை. காற்று அகற்றிய கண்ணாடிப் பெட்டிக்குள் காந்தமேற்றிய ஒரு சிறு உருண்டையைத் தொங்கவிட்டு, அதன்மீது எலெக்ட்ரான் கற்றைகளைப் பாய்ச்சினார். உருண்டையின் இரு துருவங்களைச் சுற்றியும் ஒளி வளையங்கள் தோன்றின.

ஆய்வுக்கூடத்தில் கண்டதை வானத்தில் சரிபார்க்க, நார்வேயின் ஆல்டா நகருக்கு அருகே ஹால்டே மலையில் 1899 இல் ஆய்வு நிலையம் அமைத்தார். அங்கே கடும் குளிரிலும் புயலிலும் மாதக்கணக்கில் வேலை நடந்தது. குழுவைச் சேர்ந்த இளைஞர் ஒருவர் பனிச்சரிவில் சிக்கி உயிரிழந்தார். இத்தனைக்குப் பிறகும், விண்வெளிக்கும் பூமிக்கும் இடையே மின்னோட்டம் பாய்கிறது என்ற அவருடைய கருத்தைப் பலர் ஏற்கவில்லை. 1917 இல் அவர் காலமானார். 1960களின் பிற்பகுதியில் செயற்கைக்கோள்கள் அந்த மின்னோட்டத்தை நேரில் அளந்த பிறகே அவர் சொன்னது சரி என்பது உறுதியாயிற்று. இன்று அதற்குப் பிர்க்லாந்து மின்னோட்டம் என்றே பெயர். 1994 இல் வெளியான நார்வேயின் 200 குரோனர் பணத்தாளில் அவருடைய படம் இடம்பெற்றது.

நிறம் ஒரு முகவரி

இனி நம் கேள்விக்கு வருவோம். சமையலறையில் சாம்பார் பொங்கி அடுப்பில் வழியும்போது, எரிவாயுவின் நீலச் சுடர் ஒரு கணம் மஞ்சளாவதைப் பார்த்திருப்பீர்கள். அதில் உள்ள உப்பின் சோடியம் அணுக்களே அந்த மஞ்சளைத் தருகின்றன. ஒவ்வொரு தனிமமும் ஆற்றல் பெறும்போது தனக்கே உரிய நிறங்களை மட்டும் வெளியிடும். ஆகவே ஓர் ஒளியை நிறமாலையாகப் பிரித்துப் பார்த்தால், அதைத் தந்த பொருள் எது என்று கண்டுகொள்ளலாம்.

1860களின் இறுதியில் சுவீடன் விஞ்ஞானி ஆங்ஸ்ட்ராம் துருவ ஒளியை இப்படிப் பிரித்துப் பார்த்தார். அழுத்தமான ஒரு பச்சைக் கோடு தெரிந்தது. அதன் அலைநீளம் 557.7 நானோமீட்டர் என்று பிற்காலத்தில் துல்லியமாக அளந்தார்கள். ஆனால் ஆய்வுக்கூடத்தில் எந்த வாயுவிலும் அந்தக் கோடு கிடைக்கவில்லை. கண்டங்கள் நகர்கின்றன என்று சொல்லிப் புகழ்பெற்ற வெகனர், காற்று மண்டலத்தின் உச்சியில் நாம் அறியாத புதிய வாயு ஒன்று இருக்கலாம் என்று 1911 இல் எண்ணி, அதற்குப் பெயரும் சூட்டினார். நார்வே விஞ்ஞானி வெகார்ட், உறைந்த நைட்ரஜன் துகள்களே அதற்குக் காரணம் என்றார்.

1925 இல் விடை கிடைத்தது. கனடாவில் டொரான்டோ பல்கலைக்கழகத்தில் மெக்லென்னன், ஷ்ரம் என்னும் இருவர் ஹீலியம் நிறைந்த குழாயில் சிறிதளவு ஆக்சிஜனைக் கலந்து மின்சாரம் பாய்ச்சினார்கள். அதே பச்சைக் கோடு தோன்றியது! அறுபது ஆண்டுகளாகத் தேடிய மர்மப் பொருள், நாம் ஒவ்வொரு மூச்சிலும் இழுக்கும் ஆக்சிஜன்தான்.

அப்படியானால் அது ஏன் எளிதில் அகப்படவில்லை? பெரும்பாலான அணுக்கள் பெற்ற ஆற்றலை வினாடியின் பத்துக் கோடியில் ஒரு பங்கு நேரத்தில் ஒளியாக வெளியிட்டுவிடும். பச்சை ஒளியைத் தரும் ஆக்சிஜன் அணுவோ ஏறக்குறைய முக்கால் வினாடி காத்திருக்கிறது. அணுவின் கணக்கில் இது ஒரு யுகம். திருவிழாக் கூட்டத்தில் தளும்பத் தளும்பத் தண்ணீர் நிறைந்த தம்ளருடன் நடப்பவரை எண்ணிப் பாருங்கள். குடிப்பதற்குள் யாராவது இடித்துக் கொட்டிவிடுவார்கள். தரை மட்டத்துக் காற்றில் ஒரு மூலக்கூறு வினாடிக்குப் பல நூறு கோடி முறை மோதுகிறது. அங்கே ஆக்சிஜன் அணுவின் ஆற்றல் ஒளியாகும் முன்பே மோதலில் பறிபோகிறது. 100 கி.மீ. உயரத்திலோ காற்று பத்து லட்சத்தில் ஒரு பங்கு அளவே உள்ளது. கூட்டம் கலைந்த தெருவில் தண்ணீர் சிந்தாது அல்லவா? அங்கே பச்சை ஒளி பிறக்க முடிகிறது.

அதே ஆக்சிஜன் வேறொரு நிலையிலிருந்து 630 நானோமீட்டர் சிவப்பு ஒளியையும் தரும். ஆனால் அதற்கு ஏறக்குறைய 110 வினாடி காத்திருக்க வேண்டும். அவ்வளவு நேரம் இடிபடாமல் இருக்க இன்னும் மெல்லிய காற்று வேண்டும். எனவே சிவப்பு, 200 கி.மீ. உயரத்துக்கு மேல்தான் பிறக்கும். நைட்ரஜனோ காத்திருப்பதே இல்லை, உடனே ஒளிரும். வேகம் மிகுந்த எலெக்ட்ரான்கள் 100 கி.மீ. உயரத்துக்கும் கீழே ஊடுருவும்போது, அங்கே ஆக்சிஜனின் பச்சை அடங்கிவிட, நைட்ரஜன் மட்டும் இளஞ்சிவப்பு ஓரமாக மின்னுகிறது.

வரிசை மாறாததன் காரணம் இப்போது தெரிகிறதா? துருவ ஒளியின் நிறம் வெறும் அலங்காரம் அன்று. எந்த வாயு, எந்த உயரம் என்று சொல்லும் முகவரி அது.

இந்த உயரங்கள் வெறும் ஊகமா? இல்லை. கார்ல் ஸ்டோர்மர் என்ற நார்வேக் கணித அறிஞர் 1910 முதல் அவற்றை அளந்தார். கட்டை விரலை நீட்டி ஒரு கண்ணை மாற்றி மறு கண்ணால் பாருங்கள். விரல் இடம் மாறித் தோன்றும். அதேபோல், பல கி.மீ. இடைவெளியில் இருவர் நின்று, தொலைபேசியில் பேசிக்கொண்டே ஒரே நொடியில் துருவ ஒளியைப் படம் எடுத்தார்கள். பின்னணி நட்சத்திரங்களுக்கு நடுவே ஒளி எவ்வளவு விலகித் தெரிகிறது என்று பார்த்து, கோணக் கணிதத்தால் உயரத்தைக் கண்டார்கள். திரையின் அடிவிளிம்பு பெரும்பாலும் 100 கி.மீ. உயரத்தை ஒட்டி இருந்தது.

அழகின் மறுபக்கம்

படகில் நின்று ரசிக்கும் ஒளிக்கு மேலே, உயர்வெளியில் மாபெரும் மின்னோட்டம் ஓடிக்கொண்டிருக்கிறது. சூரியன் சில சமயம் கோடிக்கணக்கான டன் பொருளை ஒரே வீச்சில் எறிகிறது. அது பூமியை நோக்கி வந்தால் காந்தப் புயல் மூளும். 1859 செப்டம்பரில் அப்படி ஒரு புயல் வீசியது. வெப்ப மண்டலத்தில் உள்ள கியூபாவிலும் துருவ ஒளி தெரிந்தது. அமெரிக்காவில் தந்திக் கம்பியிலிருந்து மின்கலத்தைக் கழற்றிவிட்டு, புயல் தந்த மின்சாரத்திலேயே செய்தி அனுப்பினார்கள். பம்பாய் கொலாபா ஆய்வுக்கூடத்தின் காந்தமானியும் அந்தப் புயலைப் பதிவு செய்தது.

1989 மார்ச் 13 அன்று மற்றொரு புயல் கனடாவின் கியூபெக் மாநில மின்தொடரை ஒன்றரை நிமிடத்தில் வீழ்த்தியது. அறுபது லட்சம் மக்கள் சுமார் ஒன்பது மணி நேரம் மின்சாரமின்றித் தவித்தார்கள். ஆகவே சூரியக் காற்றைக் கண்காணிப்பது அவசியமாயிற்று. 2023 செப்டம்பர் 2 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஏவப்பட்ட நம் ஆதித்யா எல்-1 விண்கலமும் இப்பணிக்காகவும் பூமியிலிருந்து 15 லட்சம் கி.மீ. தொலைவில் நிறுத்தப்பட்டது. சாதாரணச் சூரியக் காற்று அந்த இடத்தைக் கடந்து நம்மை அடைய ஒரு மணி நேரம் ஆகும். மின் நிலையங்களை எச்சரிக்க அந்த ஒரு மணி நேரம் மிகப் பெரிது.

லடாக்கில் மட்டும் ஏன் சிவப்பு?

2024 மே 10 ஆம் நாள் இரவு ஒரு பெரும் காந்தப் புயல் வந்தது. அப்போது நம் நாட்டில் லடாக்கின் ஹான்லே வானாய்வுக்கூடத்தில் உள்ள கருவிகள் வடக்கு அடிவானத்தின்மேல் ஒளியைப் பதிவு செய்தன. அது சிவப்பாக மட்டுமே இருந்தது. டிரோம்சோவின் பச்சை எங்கே போயிற்று?

பத்தாம் வகுப்பு மாணவர் எவரும் இதைக் கணக்கிடலாம். பூமியின் ஆரத்தை 6,400 கி.மீ. எனக் கொள்வோம். அடிவானத்தைத் தொடும் பார்வைக் கோடு பூமிக்கு ஒரு தொடுகோடு. ஆகவே பிதாகரஸ் தேற்றத்தைப் பயன்படுத்தலாம். 100 கி.மீ. உயரத்தில் உள்ள ஒளி, சுமார் 1,100 கி.மீ. தொலைவு வரைதான் தெரியும். 300 கி.மீ. உயரத்தில் உள்ள ஒளியோ ஏறத்தாழ 2,000 கி.மீ. வரை தெரியும். ஒளித்திரை தோன்றிய இடம் ஹான்லேக்கு வெகு வடக்கே. அதன் பச்சைப் பகுதி பூமியின் வளைவுக்குக் கீழே மறைந்துவிட்டது. உயரத்தில் உள்ள சிவப்பு மட்டும் எட்டிப் பார்த்தது. கப்பல் கரைக்கு வரும்போது முதலில் பாய்மர நுனி தெரிவதைப் போன்றதுதான் இது.

நிறத்தை வைத்து உயரத்தையும், உயரத்தை வைத்துத் தொலைவையும் சொல்ல முடிகிறது பாருங்கள். இனி துருவ ஒளிப் படம் எதைக் கண்டாலும் அழகாக இருக்கிறது என்று மட்டும் சொல்லி நகர்ந்துவிடாதீர்கள். பச்சை மட்டும் உள்ளதா, மேலே சிவப்பும் உண்டா, அடியில் இளஞ்சிவப்பு ஓரம் இருக்கிறதா என்று கவனியுங்கள். படம் எடுத்தவர் ஒளிக்கு நேர் கீழே நின்றாரா, வெகு தொலைவில் நின்றாரா என்பதை நீங்களே கண்டுபிடித்துவிடலாம்.

ஒரு கணக்கு: 400 கி.மீ. உயரத்தில் உள்ள சிவப்பு ஒளி அதிகபட்சம் எத்தனை கி.மீ. தொலைவு வரை தெரியும்? மேலே சொன்ன முறையிலேயே கணக்கிட்டுப் பாருங்கள். பிறகு உலக வரைபடத்தை எடுத்து, அந்த ஒளியை உங்கள் ஊரிலிருந்து பார்க்க வேண்டுமானால் அது எந்த நாட்டுக்கு மேலே தோன்ற வேண்டும் என்று குறித்துப் பாருங்கள். தமிழ்நாட்டு வானில் நாம் ஏன் துருவ ஒளியைக் காண்பதில்லை என்பதற்கும் விடை கிடைத்துவிடும்.